சோத்தண்ணையின் கேள்வி

குட்மேய்ஸில் சிவரூபினியைத் தெரியாத தமிழ்ச் சனம் குறைவு. கோயில் தேர் என்றால் அன்னதானப் பந்தியில் அகப்பையோடு நிற்பவள் அவள்தான். யாராவது வயதானவர் வழுக்கி விழுந்தால் அம்புலன்ஸுக்கு முதல் அவளுக்குத்தான் போன் போகும். முதியோர் இல்லத்தில் வேலை செய்கிறவள் அல்லவா. இத்தனை பேருக்குத் தெரிந்தவளுக்குச் சிங்களம் தண்ணீர்பட்ட பாடு என்பது மட்டும் இந்த லண்டனில் ஒரேயொரு மனிதருக்குத்தான் தெரியும். அவர் அவளுடைய கணவர் சஞ்சயன். அவரும் அதை மறந்துவிடத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

மறக்கக் காரணம் இருந்தது. பதின்மூன்று வருடங்களுக்கு முன் அகதி விண்ணப்ப நேர்காணலில் அவளிடம் இயக்கத்தில் இருந்தீரா என்று கேட்டார்கள். இல்லை என்றாள். சிங்களம் தெரியுமா என்றார்கள். தெரியாது என்றாள். தடுப்பு முகாமில் அடித்துக் கையெழுத்து வாங்கிய வாக்குமூலம் சிங்களத்தில் இருந்தது, ஒரு எழுத்தும் விளங்கவில்லை என்றாள். அடித்தது உண்மை, முதுகில் தழும்பு இன்றைக்கும் இருக்கிறது. விளங்கவில்லை என்றதுதான் பொய். வரி வரியாக வாசித்துத்தான் கையெழுத்து வைத்தாள். தன்னைப்பற்றி அதில் எழுதியிருந்ததெல்லாம் சரியாக இருந்ததே என்றுதான் அப்போதும் நடுங்கினாள்.

அந்த "இல்லை"யும் "தெரியாது"ம் அவளோடு கூடவே வளர்ந்தன. பிரஜாவுரிமைக்கு எழுதிப்போட்ட போதும் அதே கேள்வி, அதே "இல்லை". இப்போது கடிதம் வந்துவிட்டது. இன்னும் பன்னிரண்டு நாளில் இல்ஃபோர்ட் டவுன் ஹாலில் சத்தியப்பிரமாணம். மகள் மஹதி, பதினொரு வயது, அம்மா என்ன சேலை உடுத்த வேண்டும் என்பதுவரை முடிவு செய்துவிட்டாள். இந்த நேரத்தில் ஒரு பொய் கழன்றால் மற்றதெல்லாம் பின்னால் கழன்று வரும் என்பது சிவரூபினிக்குத் தெரியும். அவளுக்குப் பயம் என்றால் சும்மா பயமில்லை, சாப்பாடு இறங்காத பயம்.

ஏனென்றால் அந்தக் கிழவர் அவள் வேலை செய்யும் இல்லத்துக்கு வந்து ஐந்து கிழமையாகிறது.

சார்ட்டில் பெயர் பெலவத்த, வயது எழுபத்திரண்டு, மறதி நோய், முன்பு தேயிலைத் தோட்ட மேலாளர் என்று இருந்தது. கொழும்பில் மனைவி இறந்துபோக, இங்கே பார்மசியில் வேலை செய்யும் மகள் கூட்டி வந்து வைத்திருந்தாள். "உங்கள் நாட்டவர்" என்று மேனேஜர் சிரித்துக்கொண்டு சொன்னாள். சிவரூபினியும் சிரித்து வைத்தாள். தேயிலைத் தோட்டத்துக் கிழவர் யாருக்கு என்ன செய்யப்போகிறார்.

முதல் நாள் மாலை சாப்பாட்டு மண்டபத்தில் சூப் கொடுத்துக்கொண்டிருந்தாள். நாள் முழுக்க வாய் திறக்காத மனிதர் சின்னதாக ஒரு செருமல் செருமி, தலையை நிமிர்த்தி, எதிரில் இருந்த வெறும் கதிரையைப் பார்த்துக் கேட்டார்.

"லமயி கேவத?"

சிங்களத்தில், பிள்ளைகள் சாப்பிட்டுவிட்டார்களா. அவ்வளவுதான் கேள்வி. பேரப்பிள்ளைகளை நினைத்துக் கேட்கிறார் என்று யாரும் நினைத்திருப்பார்கள். சிவரூபினியின் கை தானாகச் சட்டைப் பையில் இருந்த பேனையை எடுத்தது. மற்றக் கையில் போட்டிருந்த ரப்பர் உறையில் 18.04 என்று எழுதியது. எழுதி முடித்த பிறகுதான் என்ன செய்துவிட்டேன் என்று பார்த்தாள். டொய்லெட்டுக்குள் போய்க் கதவைப் பூட்டி, உறையைக் கழற்றிச் சுருட்டிப் பைக்குள் திணித்துக்கொண்டாள்.

அந்தக் குரலை அவள் மூன்று வருடம் கேட்டிருக்கிறாள். முகத்தை ஒருநாளும் கண்டதில்லை.

சிவரூபினியின் அப்பா வவுனியாவில் பேக்கரி வைத்திருந்தவர். பாண் வேகும் போறணை அடுப்படியில் நின்றவர்கள் எல்லாம் சிங்களவர்கள். மாவுக்குள் விளையாடி வளர்ந்தவளுக்குத் தமிழோடு சிங்களமும் நாக்கில் ஏறிவிட்டது. பத்தொன்பது வயதில் இயக்கத்துக்குப் போனபோது மற்றப் பிள்ளைகளுக்குத் துவக்கைக் கொடுத்தவர்கள் அவளுக்கு வோக்கியும் ஹெட்போனும் கொடுத்தார்கள். பதுங்குகுழிக்குள் இருந்துகொண்டு ஆமிக்காரர் தங்களுக்குள் கதைப்பதை ஒட்டுக்கேட்க வேண்டும். கேட்டதும் துண்டுக் கடதாசியில் முதலில் நேரம், பிறகு சொன்ன வார்த்தை எழுத வேண்டும். நேரம் போடாத துண்டைத் தளபதி மாதவன் கையிலும் வாங்கமாட்டார்.

மாதவன் சத்தம் போட்டு யாரும் கேட்டதில்லை. குடல்புண்காரர், பிஸ்கட்டும் தேத்தண்ணியுமாகச் சீவித்தவர். அவள் கொண்டுபோகும் துண்டை இரண்டு தரம் வாசித்துத் திருப்பிக் கொடுப்பார். "உம்மடை காதிலைதான் என்ரை லைன் நிக்குது, ரூபி" என்று ஒருநாள் சொன்னார். அன்றைக்கு அவளுக்குத் தரையில் கால் படவில்லை. ஒரு படைத் தளபதி இருபத்தேழு வயதுப் பெட்டையின் காதை நம்பி ஆட்களை நிறுத்துகிறார் என்றால் சும்மாவா.

எதிர்ப்பக்கத்துத் தளபதியும் ஒருவகையில் அப்படித்தான். பெயரைச் சொல்லமாட்டார்கள், "ரோமியோ" என்றுதான் கூப்பிடுவார்கள். தனக்குக் கீழே உள்ளவனைத் தூசணத்தால் ஏசாத ஒரேயொரு அதிகாரி அவர். அவரிடம் ஒரு பழக்கம் இருந்தது. விடிந்தால் தாக்குதல் என்றால், முதல் நாள் மாலை ஒவ்வொரு அதிகாரியாகக் கூப்பிட்டு, ஒரு செருமல் செருமி, பிள்ளைகள் சாப்பிட்டாச்சா என்று கேட்பார். மற்ற நாளில் கேட்கமாட்டார். தாக்குதலைப்பற்றி ஒரு சொல் வெளியில் விடாத மனிதர் சோற்றைப்பற்றிக் கேட்டு எல்லாவற்றையும் காட்டிக்கொடுத்துவிடுவார். அவளோடு ரேடியோ செற்றில் இருந்த கோசிகாதான் அவருக்குச் "சோத்தண்ணை" என்று பட்டம் வைத்தாள். சோத்தண்ணை கேட்டுவிட்டார் என்று துண்டு போனால் மாதவன் இரவோடிரவாக ஆட்களை முன்னுக்கு ஏற்றிவிடுவார். ஆறு தரமும் பிசகவில்லை. அந்தாளின் நல்ல குணத்தால் அவருடைய பிள்ளைகளே செத்தார்கள்.

ஏழாவது தரம் பிசகியது. இரண்டாயிரத்து ஒன்பது மாசி மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை. நாலு மணியிலிருந்து எட்டு மணிவரை காதைக் கழற்றாமல் இருந்தாள். சோத்தண்ணை கதைத்தார், ஆனால் அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. அப்படியே போய்ச் சொன்னாள். நிச்சயமா என்று மாதவன் கேட்டார். "ஓம் அண்ணை, கேக்கேல்லை" என்றாள். களைத்துப்போயிருந்தவர்களில் பாதிப்பேரை அவர் பின்னுக்கு எடுத்து நித்திரை கொள்ள விட்டார். சண்டையில்லாத இரவுதானே என்று கோசிகா நீரேரிக் கரை லைனில் நின்ற பிள்ளைகளுக்குப் புட்டுப் பார்சல் கொண்டுபோய், அங்கேயே தங்கிவிட்டாள். விடிய ஐந்து மணிக்கு அடித்தார்கள். லைனில் நின்ற இருபத்து மூன்று பிள்ளைகளில் ஒருவரும் திரும்பவில்லை. கோசிகாவையும் சேர்த்துத்தான் இருபத்து மூன்று.

மாதவன் ஏசவில்லை. அடுத்த நாளும் அவளுடைய துண்டை இரண்டு தரம் வாசித்துத் திருப்பிக் கொடுத்தார். ஏசியிருந்தால் அழுது தீர்த்திருப்பாள். இரண்டு மாதத்தில் அவரும் போய்விட்டார். சோத்தண்ணை அன்றைக்கு ஏன் கேட்கவில்லை என்ற கேள்வி மட்டும் அவளோடு வவுனியா முகாமுக்கு வந்து, பிளேன் ஏறி, குட்மேய்ஸுக்கும் வந்துவிட்டது.

கிழவரின் குரலைக் கேட்ட அன்றிரவே சஞ்சயனிடம் சொன்னாள். மனிதர் பேயறைந்தவர் போல இருந்தார். "சத்தியப்பிரமாணம் முடியும் மட்டும் வாயைத் திறந்திடாதையும். சிக் லீவைப் போட்டிட்டு வீட்டிலை இரும்" என்றார். நல்ல யோசனைதான். ஆனால் அடுத்த நாள் நேரத்துக்கு எழும்பி வேலைக்குப் போனாள். அந்தாளைக் காணப் பயம். காணாமல் இருக்கவும் முடியவில்லை. தன்மீதே அவளுக்கு எரிச்சல் வந்தது.

ஒவ்வொரு நாளும் ஆறு மணிக்கு அந்தக் கேள்வி வந்தது. ஒவ்வொரு நாளும் அவளுடைய உடம்பு, விடிந்தால் அடிக்கப்போகிறார்கள் என்று நம்பியது. சாமம் தாண்டியும் நித்திரை வராமல், ஐந்து மணிக்குப் பஸ் சத்தம் கேட்டால் எழும்பிக் கட்டிலில் குந்திவிடுவாள். அந்தக் கிழவரை டொலறஸிடம் தள்ளிவிடப் பார்த்தாள். டொலறஸ் மன்னார்ப் பெட்டை, கூட வேலை செய்கிறவள், மனதில் ஒன்றும் வைக்காமல் கதைப்பவள். ஆனால் மாலை ஷிப்டுக்கு ஆள் காணாது. சுற்றிச் சுற்றி அவர் இவளிடம்தான் வந்தார்.

பிழை விட்டது அங்கேதான். யார் எவ்வளவு சாப்பிட்டார், எவ்வளவு குடித்தார் என்று ஒவ்வொரு நேரமும் சார்ட்டில் எழுத வேண்டும். ஒருநாள் எழுதியதை மேனேஜர் மூன்று நாள் கழித்து, ஷிப்ட் மாறும்போது எல்லோர் முன்னாலும் வாசித்தாள். "18.06. பிள்ளைகள் சாப்பிட்டுவிட்டார்களா என்று கேட்டார். பதில் இல்லை. சாப்பிட மறுத்தார்." கையெழுத்து சிவரூபினியுடையது. இங்கிலீஷில், கட்டம் கட்டமாக, முதலில் நேரம், பிறகு வார்த்தை. பதினாறு வருடத்துக்கு முன் மாதவனுக்கு எழுதிய அதே துண்டு.

அவர் என்ன கேட்கிறார் என்று உனக்கு விளங்குகிறதே என்று மேனேஜருக்கு ஒரே சந்தோசம். கிழவரின் மகளும் ஞாயிற்றுக்கிழமை வந்தபோது அந்தப் பக்கத்தைப் போனில் படம் எடுத்துக்கொண்டு போனாளாம். எழுதியவரைச் சந்திக்க வேண்டும் என்றாளாம். குத்துமதிப்பாக எழுதினேன், எனக்கு அந்த மொழி தெரியாது என்றாள் சிவரூபினி. அவ்வளவு நேரமும் சிரித்துக்கொண்டிருந்த மேனேஜர் ஒரு மாதிரிப் பார்த்தாள்.

அதற்குப் பிறகு கிழவர் அடியோடு சாப்பாட்டை நிறுத்திவிட்டார். யாராவது பதில் சொல்லும்வரை வாயைத் திறக்கமாட்டார். திங்கள் போய், செவ்வாய் போய், புதனும் போய்விட்டது. வியாழக்கிழமை டொலறஸ் பொறுக்க மாட்டாமல் வந்தாள். "ரூபி அக்கா, மனிசன் பச்சைத் தண்ணி குடிக்கேல்லை. உங்களுக்கு ரெண்டு சொல்லுத் தெரிஞ்சால் சொல்லிவிடுங்கோவன். சாகப் போகுது அக்கா" என்றாள்.

சிவரூபினி சூப் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு அவருடைய அறைக்குள் போனாள். கதவைச் சாத்தினாள். கிழவர் ஜன்னல் பக்கம் இருந்தார். தோல் தொங்கிப்போன கழுத்து, நடுங்குகிற விரல். இந்த உடம்புக்குள்ளிருந்தா அந்தக் குரல் வந்தது என்று இருந்தது. அவர் செருமினார், கேட்டார்.

சாப்பிட்டாச்சு என்று ஒரு சொல் சொல்லியிருந்தால் முடிந்திருக்கும். ஆனால் பதின்மூன்று வருடமாகப் பூட்டி வைத்த சிங்களம், திறந்ததும் வேறு வழியால் ஓடியது.

"ரோமியோ, ஒரு விளக்கம் வேண்டும் சேர்."

கிழவரின் முதுகு நிமிர்ந்தது. செற்றில் யார் என்று கேட்டார். ஒபரேற்றர் என்றாள். அதுவும் பொய்யில்லை. பிறகு கேட்டே விட்டாள். நீரேரிக் கரைத் தாக்குதலுக்கு முதல் நாள் மாலை, அந்தச் செவ்வாய்க்கிழமை, நீங்கள் ஏன் கேட்கவில்லை?

அவர் பேசியது சிங்களம்தான். அவளுக்கென்னவோ தமிழாகவே விழுந்தது.

"லொறி வரேல்லை. ரெண்டு நாளாப் பிள்ளையளுக்குச் சோறில்லை. மேலையிருந்து விடியப் போ எண்டு சொல்லிப்போட்டாங்கள். கேட்டால் சாப்பிடேல்லை எண்டு சொல்லுவாங்கள். அதைக் கேட்டாப் பிறகு நான் எப்பிடி அனுப்புறது? அதுதான் கேக்கேல்லை." விரல்களைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "நாப்பத்தொரு பேர். பசியோடை போனவங்கள்."

சிவரூபினி சூப்பை மேசையில் வைத்தாள். அவள் சரியாகத்தான் கேட்டாள். காது பிசகவில்லை. அந்தாள் கேட்கப் பயந்திருக்கிறார். அந்தப் பயத்தில் அந்தப் பக்கம் நாற்பத்தொன்றும் இந்தப் பக்கம் இருபத்து மூன்றும் போயிருக்கிறது. அவளுக்கு அவரைப் பிடித்து உலுக்க வேண்டும் போலவும் இருந்தது, கதறி அழ வேண்டும் போலவும் இருந்தது.

திரும்பினாள். கதவு திறந்திருந்தது. கிழவரின் மகள் நின்றாள்.

நிலூகா என்று பெயர், நாற்பது வயது இருக்கும், பார்மசி உடுப்போடு வந்திருந்தாள். எவ்வளவு நேரமாக நின்றாளோ. ஒன்றும் பேசாமல் சிவரூபினியின் கையைப் பிடித்துப் பக்கத்தில் துணி வைக்கும் அறைக்குள் கூட்டிக்கொண்டு போய்க் கதவைத் தள்ளினாள். எல்லாம் முடிந்தது என்று சிவரூபினி நினைத்தாள். டவுன் ஹால், சேலை, மஹதி, எல்லாம். பொலிசுக்குப் போன் போட முதல் சஞ்சயனுக்கு ஒரு சொல் சொல்ல விடுவாளா என்றுதான் அந்த நேரம் மூளை ஓடியது.

நிலூகா கதவைப் பூட்டப் பார்த்தாள். கொளுவி பிடிபடவில்லை. இரண்டு தரம் வழுக்கியது.

"உங்களை யார் அனுப்பினது?" என்று கேட்டாள். "வக்கீல்களா?"

நிலூகா சிங்களத்தில் மளமளவென்று கொட்டினாள். வெளிநாடுகளில் பழைய தளபதிகள்மேல் போர்க்குற்ற வழக்குப் போடுகிறார்களாம். அதனால்தான் தேயிலைத் தோட்டம் என்று எழுதிக் கொடுத்தாளாம். தமிழ் ஆட்கள் வேலை செய்யும் இடம் என்று சேர்த்த பிறகுதான் தெரிந்ததாம், வேறு எங்கும் இடம் கிடைக்கவில்லையாம். சார்ட்டில் அந்தப் பக்கத்தைப் பார்த்த நாளிலிருந்து நித்திரையில்லையாம். எழுதியவள் எதற்காக நேரம் போட்டுக் குறிக்கிறாள், யாருக்குக் கொடுக்கக் குறிக்கிறாள் என்று யோசித்து யோசித்துப் பைத்தியம் பிடித்துவிட்டதாம்.

நான் பயந்தால், இந்தப் பெண் எனக்குப் பயந்திருக்கிறாளே என்று சிவரூபினி பார்த்தாள். தன்னை ஒருவரும் அனுப்பவில்லை என்றாள். நிலூகா கண்ணைத் துடைத்தாள். பிறகு நிதானமாக, ஆனால் கண்ணை எடுக்காமல் சொன்னாள்.

"எங்கள் ஆமியின் ரேடியோப் பெயர் உங்களுக்கு எப்படித் தெரியும் என்று நான் கேட்கவில்லை. சிங்களம் தெரியாது என்று மேனேஜரிடம் ஏன் சொன்னீர்கள் என்றும் கேட்கவில்லை. அப்பா யார் என்று நீங்கள் சொல்லக்கூடாது. ஆறு மணிக்கு அவர் கேட்டால், சாப்பிட்டாச்சு சேர் என்று மட்டும் சொல்லுங்கள். நான் அதைத்தான் ஞாயிற்றுக்கிழமைகளில் சொல்லுகிறேன். சொன்னால் சாப்பிடுவார்."

பேரம்தான். மறைத்துப் பேச இரண்டு பேருக்கும் தெம்பு இல்லை. சொல்லாவிட்டால் என்ன நடக்கும் என்பதை நிலூகா சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இருக்கவில்லை. சிவரூபினி தலையை ஆட்டினாள். ஒரு பொய்யோடு ஒரு பொய், என்ன பாரம் கூடிவிடப்போகிறது. பன்னிரண்டு நாள் பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னால் போதும்.

இரண்டு பேரும் அறைக்குத் திரும்பினார்கள். சூப் ஆறி ஆடை பிடித்திருந்தது. நிலூகா கட்டில் நுனியில் உட்கார்ந்தாள். கிழவருக்குச் சற்று முன் நடந்ததெல்லாம் மறந்துவிட்டது. ஆட்களைக் கண்டதும் செருமினார்.

"பிள்ளையள் சாப்பிட்டாச்சோ?"

நிலூகா அவளைப் பார்த்தாள். சிவரூபினி வாயைத் திறந்தாள். சொல் நுனி நாக்கில் இருந்தது. அந்த நேரம் பார்த்து, புட்டுப் பார்சலைத் தூக்கிக்கொண்டு போன கோசிகாவின் முதுகு ஞாபகம் வந்தது. அந்தப் பார்சலைப் பிரித்தார்களா, ஒரு வாயாவது வைத்தார்களா என்று அவளுக்கு இன்றுவரை தெரியாது. வாய் பொய் சொல்ல மறுத்துவிட்டது.

"இல்லை சேர்," என்றாள் சிங்களத்தில். "ஒருவரும் சாப்பிடவில்லை."

நிலூகா எழும்பிவிட்டாள். கிழவர் கையைத் தூக்கி அவளை இருத்தினார். அந்தக் கை இப்போது நடுங்கவில்லை. குரலும் பழைய குரலாகவே இருந்தது.

"அப்ப விடிய ஒருத்தரும் அசையக்கூடாது. மேலையிருந்து ஆர் கேட்டாலும் ரோமியோ மறிச்சுப்போட்டார் எண்டு சொல்லு. முதல் பிள்ளையளுக்குச் சோத்தைக் குடு. விளங்கிச்சோ? எல்லாருக்கும் அறிவி."

நிலூகா முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள். பேரமும் போச்சு, எல்லாம் போச்சு. அவளுக்கு இனி யாரையும் பயமுறுத்தத் தெம்பில்லை.

"விளங்கிச்சு சேர்" என்றாள் சிவரூபினி. பேனையை எடுத்தாள். கையுறையில் முதலில் நேரத்தை எழுதினாள், 19.12. அதற்குக் கீழே கட்டளையை எழுதினாள். எழுதி முடித்து, வழக்கம்போல, கொண்டுபோய்க் கொடுப்பதற்குத் திரும்பினாள். கதவடிவரை போய்விட்டாள். இதை இரண்டு தரம் வாசிப்பதற்கு மாதவண்ணை இல்லை என்பது அங்கே வைத்துத்தான் அவளுக்கு உறைத்தது.